செல்போன் மேடை யாருக்குச் சொந்தம்?

நாம் குடியிருக்கும் இந்தப் பென்னலூர் எப்படிப்பட்ட இடம் என்பது உங்களுக்குத் தெரியும். கிழக்கே இருங்காட்டுக்கோட்டையில் கார் செய்கிறார்கள். மேற்கே ஸ்ரீபெரும்புதூரைத் தாண்டிப் போனால் சுங்குவார்சத்திரத்தில் செல்போன் செய்கிறார்கள். 2006-ல் திறந்து 2014 நவம்பரில் மூடப்பட்ட நோக்கியா ஆலையில் நம் பக்கத்துப் பெண்கள் ஆயிரக்கணக்கில் வேலை பார்த்தார்கள். 2019 முதற்கொண்டு ஃபாக்ஸ்கான் ஆலையில் ஐபோனுக்குப் பாகங்களைப் பொருத்துகிறார்கள். பொருத்துகிறவர்களில் மிகப் பலர், வெளி மாவட்டத்துக் கிராமங்களில் இருந்து வந்து ஹாஸ்டல்களில் தங்கியிருக்கும் இருபது வயதுப் பெண்கள்.

இவ்வளவும் ஏன் சொல்லுகிறேன் என்றால், இன்றைக்கு ஜனங்களுக்குப் பாட்டு, கூத்து, சிரிப்பு, சமையல், ஊர் சுற்றல் ஆகிய எல்லாவற்றுக்கும் மேடையாக இருப்பது இந்தச் செல்போன்தான். மேடையைச் செய்கிற கை நம்முடைய கை. மேடையில் ஏறுகிறவர்களும் இப்போது நம்மவர்கள். ஆனால் அந்த மேடை யாருக்குச் சொந்தம், ஏறினவன் அங்கே என்ன செய்கிறான் என்கிற இரண்டு கேள்விகளை மாத்திரம் நாம் கேட்காமல் இருக்கிறோம். அதை இந்த வாரம் கேட்டுவிடுவது என்று இருக்கிறேன்.

ஒரு பெரிய மனிதரின் வருத்தம்

சில நாட்களுக்கு முன் நெடுஞ்சாலை ஓரத்து டீக்கடை ஒன்றில் ஓய்வு பெற்ற பெரியவர் ஒருவரைச் சந்திக்க நேர்ந்தது. மார்கழி வந்தால் சென்னைக்குப் போய் சபா சபாவாகக் கச்சேரி கேட்கிறவர். அடுத்த பெஞ்சியில் ஷிப்டு முடிந்து வந்த பையன்கள் நால்வர் ஒரு போனைச் சுற்றி உட்கார்ந்து விழுந்து விழுந்து சிரித்துக்கொண்டிருந்தார்கள். பெரியவருக்குப் பொறுக்கவில்லை. "கலை கெட்டுப் போச்சு சார். முன்னே பதினைந்து வருஷம் குருவினிடத்தில் இருந்தால்தான் மேடை ஏறலாம். இப்போ கையில் போன் இருக்கிறவன் எல்லாம் கலைஞன். மாடு மேய்க்கிறவன் சமைக்கிறான், மீன் பிடிக்கிறவன் கதை சொல்லுகிறான். அதை லட்சம் பேர் பார்க்கிறான். தராதரம் என்று ஒன்று வேண்டாமா?" என்று என்னிடம் வருத்தப்பட்டார்.

அவர் கெட்ட மனிதர் அல்ல. சங்கீதத்தில் அவருக்கு உண்மையான பிரியம் இருக்கிறது. ஆனால் அவர் சொன்னதை யோசித்துப் பாருங்கள். மாடு மேய்க்கிறவன் சமைப்பதிலே என்ன அதிசயம்? அவன் தினமும்தான் சமைக்கிறான். மீன் பிடிக்கிறவன் கதை சொல்லுவதிலே என்ன குற்றம்? கடலைப் பற்றி அவனை விட வேறு யாருக்குக் கதை தெரியும்? அவன் இத்தனை காலமும் சொல்லிக்கொண்டுதான் இருந்தான். கேட்பதற்கு ஆள் வந்ததுதான் இப்போது பெரியவருக்குக் கஷ்டமாக இருக்கிறது.

தராதரம் என்பது யார் கையில் இருந்த அளவுகோல்?

நம் ஜில்லாவிலும் பக்கத்து ஜில்லாக்களிலும் விடிய விடியத் தெருக்கூத்து ஆடினவர்கள் உண்டு. அவர்களும் பிள்ளைப் பருவம் முதற்கொண்டு கற்றவர்கள்தான். ஆனால் அவர்கள் ஆட்டத்துக்குப் பேர் கூத்தடித்தல். திட்டுகிறபோது "என்ன கூத்தடிக்கிறாய்" என்கிறோம். பறை அடித்தவனுடைய தாளத்தை எந்தக் கச்சேரித் தாளத்துக்கும் சமமாக வைக்கலாம். ஆனால் அவனை வாசற்படிக்கு வெளியே நிறுத்தினோம். தலைமுறை தலைமுறையாகச் சதிர் ஆடின பெண்களை இழிவாகப் பேசிவிட்டு, அவர்களுடைய ஆட்டத்துக்குப் பேரை மாற்றி மேல்வீட்டுப் பெண்கள் ஆடினபோது அது தெய்வீகக் கலையாகிவிட்டது.

சென்னையில் 1928-ல் மியூசிக் அகாடமி ஏற்பட்டது. தமிழ்நாட்டில் தமிழ்ப் பாட்டைக் கச்சேரியின் கடைசியில் துக்கடாவாகப் பாடிவந்த நிலைமை மாறவேண்டுமென்று கிளர்ச்சி செய்து, 1943-ல் தமிழிசைச் சங்கம் என்று தனியாக ஒன்று ஏற்படுத்த வேண்டியிருந்தது. தமிழன் தன் ஊரில் தன் பாஷையில் பாட்டுக் கேட்பதற்கு ஒரு சங்கம் வேண்டியிருந்தது என்றால், மேடையின் வாசற்படியில் எப்பேர்ப்பட்ட காவல் இருந்திருக்கிறது பாருங்கள். பிறகு சினிமா வந்தது. அதற்குக் கோடிக்கணக்கில் பணம் வேண்டும். இல்லாவிட்டால் நடிகர் வீட்டில் பிறக்கவேண்டும். ஆகவே தராதரம் என்று பெரியவர் சொல்லுவது, வாசலில் நின்றவன் வைத்திருந்த அளவுகோல். உள்ளே இருப்பவனை அவன் அளக்கவே இல்லை.

ஏழைகள் இதற்கு முன்னும் மேடை தேடாமல் இருக்கவில்லை. சென்னை குஜிலிக் கடையில் காலணாவுக்குப் பாட்டுப் புத்தகம் விற்றார்கள். வெள்ளம் வந்தால் வெள்ளச் சிந்து, கொலை நடந்தால் கொலைச் சிந்து, ரயில் கவிழ்ந்தால் அதற்கு ஒரு பாட்டு. பண்டிதர்கள் அதைத் தீண்டவில்லை. ஜனங்களோ கையில் வைத்துக்கொண்டு பாடினார்கள். இன்றைக்கு செல்போனில் நடப்பது அந்தக் காலணாப் புத்தகத்தின் பேரன்தான்.

பூட்டு உடைந்த கதை

நம் ஸ்ரீபெரும்புதூரில் பிறந்த இராமானுஜர், இரகசியமென்று குரு சொல்லிக்கொடுத்த மந்திரத்தைத் திருக்கோஷ்டியூர்க் கோபுரத்தின்மேல் ஏறி ஊர் கேட்கும்படி கூவினார் என்று ஒரு கதை சொல்லுகிறார்கள். அந்த மந்திரத்தினால் யார் வயிறு நிறைந்தது என்று நாம் கேட்டால் சிலருக்குக் கோபம் வரும்; அது கிடக்கட்டும். கதையில் நமக்கு வேண்டிய சங்கதி ஒன்று இருக்கிறது. பூட்டி வைத்தவனுக்கு, அதை ஊரறியச் சொன்னவன்மேல் கோபம் வந்தே தீரும். இப்போது ஒவ்வொருவன் சட்டைப் பையிலும் ஒரு கோபுரம் இருக்கிறது. கோபப்படுகிறவர்கள் பெருகியிருப்பதில் ஆச்சரியமில்லை.

புதுக்கோட்டை மாவட்டம் சின்ன வீரமங்கலத்தில் விவசாயக் குடும்பத்தார் சிலர், பெரியதம்பி என்கிற தாத்தாவையும் சேர்த்துக்கொண்டு, வயல்வெளியில் அண்டா வைத்துச் சமைப்பதை 2018-ல் யூடியூபில் போட ஆரம்பித்தார்கள். அதற்கு வில்லேஜ் குக்கிங் சேனல் என்று பேர். சினிமா நட்சத்திரம் இல்லை, சிங்காரம் இல்லை, அம்மியும் கரண்டியும் உரத்த குரலுந்தான். 2021-ல் அதைப் பின்தொடர்கிறவர்கள் ஒரு கோடியைத் தாண்டினார்கள். தமிழில் அந்த எண்ணிக்கையை முதன்முதல் தொட்டது அதுதான் என்று பத்திரிகைகள் எழுதின. அதே வருஷம் அவர்கள் முதலமைச்சரின் நிவாரண நிதிக்கு 10 லட்சம் ரூபாய் கொடுத்தார்கள். 'தூத்துக்குடி மீனவன்' என்றும், 'உங்கள் மீனவன் மூக்கையூர்' என்றும் கடற்கரைத் தோழர்கள் சேனல் நடத்துகிறார்கள். வலை எப்படி விழுகிறது, எந்த மீன் எந்தக் காலத்தில் வருகிறது என்பதை எல்லாம் கரையிலே கால் நனைக்காத பட்டணத்தான் அவர்களிடம் கற்றுக்கொள்ளுகிறான்.

2018 ஜனவரியில் இயக்குநர் பா. ரஞ்சித்தின் நீலம் பண்பாட்டு மையமும் இசைக்காரர் தென்மாவும் சேர்ந்து, வடசென்னைக் கானாப் பாட்டுக்காரர்களையும் பறைக்காரர்களையும் சேர்த்து 'தி கேஸ்ட்லெஸ் கலெக்டிவ்' என்ற குழுவை மேடையேற்றினார்கள். சாவு வீட்டுப் பாட்டு என்று ஒதுக்கப்பட்ட கானாவை அதிலே இசைவாணி என்கிற பெண் பாடினார். 2020-ல் பி.பி.சி. வெளியிட்ட உலகத்துப் பெண்கள் நூறு பேர் பட்டியலில் அவர் பேரும் இருந்தது. அவர்கள் பாட்டைப் பரப்பினதும் பெரும்பாலும் இந்தச் செல்போன்தான்.

இது தவிர, சின்னச் சின்னக் கூட்டங்கள் எத்தனையோ தோன்றியிருக்கின்றன. அரசு பஸ்ஸின் ஹாரன் சத்தத்தை வைத்தே இது எந்த டெப்போ வண்டி என்று சொல்லுகிற பஸ் பிரியர்கள், புறாப் பந்தயக்காரர்கள், வீடியோ விளையாட்டை ஆடிக் காட்டுகிறவர்கள், லாரி ஓட்டிக்கொண்டே ஊரைக் காட்டுகிற டிரைவர்கள். ஊருக்கு ஒருவனாக இருந்து கேலிக்கு ஆளானவன், நாட்டில் தன்னைப் போல் பத்தாயிரம் பேர் இருக்கிறார்கள் என்று தெரிந்துகொள்ளுகிறான். இது சாமான்ய நன்மை அல்ல. தனி மனிதன் தன் ருசிக்காக வெட்கப்படாமல் இருப்பதும் சுயமரியாதையில் சேர்ந்ததுதான்.

உடைத்துக்கொண்டு போனவன் தலையில் என்ன சுமை?

நிற்க. இதுவரை சொன்னதைக் கேட்டு நம் இளைஞர்கள் கைதட்டுவார்கள். இனிச் சொல்லப்போவதையும் கேட்க வேண்டும்.

பூட்டை உடைத்துக்கொண்டு உள்ளே போனவன், வெளியே இருந்தபோது தன் தலையில் ஏற்றப்பட்ட அதே மூட்டையைச் சுமந்துகொண்டு போனால் என்ன பிரயோஜனம்? ரீல்ஸைத் திறந்து பாருங்கள். ஜாதிப் பேரைச் சொல்லி அரிவாளைத் தூக்கிக்காட்டும் வீடியோ எத்தனை! "நாங்க ஆண்ட பரம்பரை" என்று பாட்டுப் போட்டு மீசையை முறுக்குகிறவன், காலையில் எழுந்து எட்டு மணிக்கு காண்ட்ராக்டு கூலியாக வரிசையில் நிற்கிறான். ஆண்ட பரம்பரைக்கு கேன்டீன் டோக்கன் எதற்கு? அதே வரிசையில் முன்னும் பின்னும் நிற்கிறவன் எந்த ஜாதி என்று மிஷினுக்குத் தெரியாது. சம்பளம் பிடிக்கிறவனுக்கும் தெரிய வேண்டியதில்லை. இவனுக்கு மாத்திரம் தெரிந்தாக வேண்டியிருக்கிறது.

இந்த மூட்டையை இறக்கி வைக்கச் சொன்னவனுக்கு என்ன மரியாதை கிடைக்கிறது? 2025 ஆகஸ்டில் 'பரிதாபங்கள்' கோபியும் சுதாகரும் ஜாதிப் பெருமையைக் கேலி செய்து 'சொசைட்டி பாவங்கள்' என்று ஒரு வீடியோ போட்டார்கள். காதலுக்காகக் கொலை செய்கிற நாட்டில் சிரிக்கச் சிரிக்க இரண்டு கேள்வி கேட்டார்கள். உடனே அவர்கள்மேல் போலீசில் புகார் கொடுத்தார்கள். சபரிமலை விஷயத்தைத் தொட்ட பழைய பாட்டு ஒன்றை 2024 நவம்பரில் தோண்டி எடுத்து, மேலே சொன்ன இசைவாணியை வாயில் வராத வார்த்தைகளால் ஏசினார்கள், மிரட்டினார்கள். ஆண் பாடினால் கருத்தைத் திட்டுகிறான். பெண் பாடினால் உடம்பைத் திட்டுகிறான். கமெண்டு எழுதுகிற கையும் செல்போன் பிடித்த கைதான் என்பதை மறக்கக்கூடாது.

நம் சாலையிலேயே நடந்ததைச் சொல்லுகிறேன். 2023 செப்டம்பரில் காஞ்சிபுரம் பக்கத்தில் இதே சென்னை–பெங்களூர் நெடுஞ்சாலையில், மோட்டார் சைக்கிளில் சாகசம் காட்டி லட்சக்கணக்கான பையன்களைச் சேர்த்திருந்த யூடியூபர் ஒருவர் விழுந்து கையை முறித்துக்கொண்டார். அவருடைய லைசென்சைப் பத்து வருஷத்துக்கு ரத்து செய்தார்கள். அவருக்காகக் கூடின பையன்களில் எத்தனை பேர் அப்பன் கடன் வாங்கித் தந்த வண்டியில் வந்தவர்கள் என்று யாராவது கேட்டார்களா?

இன்னொன்று. 2021 டிசம்பரில் ஃபாக்ஸ்கான் பெண்கள் தங்கியிருந்த ஹாஸ்டலில் சாப்பாடு கெட்டு, 100-க்கும் மேற்பட்டவர்கள் ஆஸ்பத்திரிக்குப் போனார்கள். தோழிகளின் கதி தெரியாமல் மற்றப் பெண்கள் ராத்திரியோடு ராத்திரியாக நெடுஞ்சாலையில் உட்கார்ந்து மறியல் செய்தார்கள். அது நியாயமான கோபம். ஆனால் பெண்கள் செத்துப்போனார்கள் என்று ஒரு பொய்யும் போன் வழியாகவே பரவிற்று. அப்படிப் பரப்பினார் என்று யூடியூபில் பேசுகிற ஒருவரைக் கைது செய்தார்கள். உண்மையே போதுமான அளவுக்குக் கொடுமையாக இருக்கும்போது அதன்மேல் பொய்யைச் சேர்ப்பவன் நமக்கு உதவி செய்கிறவன் அல்ல. நாளைக்கு நாம் உண்மையைச் சொன்னாலும் "இதுவும் யூடியூப் புரளி" என்று தள்ளுவதற்கு எதிரிக்கு வழி செய்து கொடுக்கிறவன்.

சூதாட்ட விளம்பரத்தைப் பற்றிச் சொல்லவே வேண்டாம். ஆன்லைன் ரம்மியில் பணம் இழந்து குடும்பங்கள் அழிந்ததினால்தான் தமிழ்நாடு சட்டசபை 2022-ல் சட்டம் செய்தது. 2025 ஆகஸ்டில் பாராளுமன்றமும், காசு வைத்து ஆடுவதையும் அதற்கு விளம்பரம் செய்வதையும் தடுத்துச் சட்டம் போட்டது. ஆனால் அதற்குள் நம்மைச் சிரிக்க வைத்தவர்கள் எத்தனை பேர் நடுவிலே நிறுத்தி, "இந்த ஆப்பை டவுன்லோடு பண்ணுங்க" என்றார்கள்! உன்னைச் சிரிக்க வைத்துக்கொண்டே உன் சட்டைப் பையில் கைவிடுகிறவனுக்கு ஊரில் என்ன பேர் என்று உங்களுக்கே தெரியும்.

விதியா, விதிமுறையா?

எனக்குத் தெரிந்த பையன் ஒருவன் இங்கே வாடகை அறையில் மூன்று பேரோடு இருக்கிறான். வேலை முடிந்து வந்து, அறையில் சமைப்பதையும் ஷிப்டுக்காரர் படும் பாட்டையும் வேடிக்கையாக வீடியோ எடுத்துப் போடுகிறான். நன்றாகவே செய்கிறான். ஒரு நாள் புதிதாக வாங்கின கேமராவுக்கு எலுமிச்சம்பழம் வெட்டிக் குங்குமம் வைத்துக்கொண்டிருந்தான். ராகு காலம் முடிந்து வீடியோ போடப்போவதாகச் சொன்னான்.

"ஏன் தம்பி, ராகு காலத்திலே போட்டால் யூடியூப்காரன் வாங்கிக்கொள்ள மாட்டானா?" என்று கேட்டேன்.

"அப்படி இல்லண்ணா. எல்லாம் அல்காரிதம் கையிலே இருக்குது. அது கண்ணைத் திறந்தா நாமும் ஆளாயிடலாம்" என்றான்.

பார்த்தீர்களா தோழர்களே! கடவுளைக் கோயிலிலே விட்டுவிட்டு வந்தால் அது போனுக்குள்ளே வந்து உட்கார்ந்துகொண்டது. எனக்குப் பள்ளிப் படிப்பு எட்டாவதோடு நின்றது. மற்றதெல்லாம் வாசகசாலையிலே படித்ததுதான். எனக்கே விளங்குகிற சங்கதி இது. அல்காரிதம் என்பது கம்பெனிக்காரன் எழுதி வைத்த கணக்கு. எந்த வீடியோவைக் காட்டினால் ஜனங்கள் அதிக நேரம் போனை விடாமல் இருப்பார்கள், அவ்வளவு நேரத்தில் எத்தனை விளம்பரம் விற்கலாம் என்று பார்க்கிற கணக்கு. கோபமும் சண்டையும் ஆளை உட்கார வைக்குமானால் அது கோபத்தையும் சண்டையையும் காட்டும். அரிவாள் வீடியோ உன் முன்னால் வந்து நிற்பதற்கு அதுவும் ஒரு காரணம். உன் வீடியோ ஓடாததற்குத் தலைவிதி காரணம் அல்ல. அது விதி அல்ல, விதிமுறை. விதியை யாரும் எழுதவில்லை. விதிமுறையை ஒருவன் எழுதியிருக்கிறான். எழுதினவன் இருக்கும்போது அவனைக் கேள்வி கேட்கலாம், மாற்றச் சொல்லலாம்.

சாவி எங்கே?

விளம்பர வரும்படியில் பங்கு வேண்டுமானால் யூடியூபில் உனக்கு 1,000 சப்ஸ்கிரைபர் இருக்க வேண்டும். அதோடு கடந்த 12 மாதத்தில் உன் வீடியோவை ஜனங்கள் 4,000 மணி நேரம் பார்த்திருக்க வேண்டும், அல்லது 90 நாளில் உன் குட்டி வீடியோக்களை ஒரு கோடித் தடவை பார்த்திருக்க வேண்டும். பிறகு நீளமான வீடியோவில் வரும் விளம்பரப் பணத்தில் 100-க்கு 55 உனக்கு, 45 கம்பெனிக்கு. குட்டி வீடியோவுக்கு ஒதுக்கும் பணத்தில் உன் பங்கு 45. அதுவும் 100 டாலர் சேரும்வரை கைக்கு வராது. குத்தகை நிலத்துக்கு வாரம் அளந்த நம் பாட்டன்மார்களுக்கு இந்தக் கணக்குப் புதிது அல்ல. அவர்களுக்காவது நிலக்காரன் முகம் தெரியும். உன் சேனலை நிறுத்தினால் நீ யார் வீட்டுத் திண்ணையில் போய் நிற்பாய்?

2020 ஜூன் 29 அன்று இந்திய அரசாங்கம் டிக்டாக் உட்பட 59 சீன ஆப்புகளைத் தடை செய்தது. தடை சரியா தப்பா என்பது வேறு விஷயம். கிராமத்திலும் குப்பத்திலும் இருந்து ஆடிப் பாடி லட்சக்கணக்கான ரசிகர்களைச் சேர்த்தவர்கள் விடிந்து எழுந்தபோது ஒருவர்கூட இல்லை. அவர்கள் கட்டினது பிறர் மனையில் கட்டின வீடு.

'எஞ்சாய் எஞ்சாமி' பாட்டை நீங்கள் கேட்டிருப்பீர்கள். அறிவும் தீயும் பாடி, சந்தோஷ் நாராயணன் இசையமைத்து 2021 மார்ச்சில் வந்தது. சினிமாவைச் சாராத பாட்டு, பல கோடித் தடவை பார்க்கப்பட்டது. மூன்று வருஷம் கழித்து, 2024 மார்ச்சில், அந்தப் பாட்டினால் தங்களுக்கு ஒரு காசும் வரவில்லை என்று சந்தோஷ் நாராயணன் வெளிப்படையாகச் சொன்னார். பேரும் புகழும் பெற்றவர்கள் கதியே இப்படி என்றால், வாடகை அறையில் எலுமிச்சம்பழம் வெட்டுகிற பையனுடைய கதி என்ன?

நாம் செய்ய வேண்டியது

ஆகவே தோழர்களே, செல்போன் மேடையை விட்டு ஓடிவிட வேண்டும் என்று நான் சொல்லவில்லை. கிடைத்த மேடையை விடுகிறவன் முட்டாள். ஆனால்:

1. இதைத் தொழில் என்று செய்கிறவர்கள் நேரத்துக்கும் வரவுக்கும் கணக்கு எழுதுங்கள். பன்னிரண்டு மணி நேரம் வேலை செய்துவிட்டுத் தூக்கத்தையும் விற்கிறீர்களா என்பது அப்போது தெரியும்.

2. உங்கள் பாட்டையும் படத்தையும் சொந்தப் பிரதியாக வைத்திருங்கள். யார் பத்திரம் நீட்டினாலும் வரும்படி யாருக்கு, எத்தனை வருஷத்துக்கு என்று படித்துப் பார்த்துக் கையெழுத்துப் போடுங்கள்.

3. சினிமாத் தொழிலாளிக்குச் சங்கம் இருக்கிறது; ஆலைத் தொழிலாளி சங்கத்துக்காகச் சுங்குவார்சத்திரத்தில் 2024-ல் ஒரு மாதத்துக்கு மேல் பந்தல் போட்டு உட்கார்ந்தான். வீடியோ போடுகிறவனுக்கு மாத்திரம் சங்கம் கூடாதா? கம்பெனி ஒன்றாக இருக்கும்போது நீங்கள் லட்சம் பேரும் தனித்தனியாக இருந்தால், விதிமுறை என்றைக்கும் அவனுடையதாகவே இருக்கும்.

4. ஜாதிக்கும் சூதுக்கும் சோதிடத்துக்கும் கூலிக்கு வாய் திறக்காதீர்கள். பெண்களை ஏசி லைக் வாங்காதீர்கள்.

5. பார்க்கிறவர்களுக்கும் ஒரு வார்த்தை. நீங்கள் பார்க்கிற ஒவ்வொரு நிமிஷமும் யாருக்கோ காசு. அரிவாளுக்குக் கொடுக்கிற நிமிஷத்தை மீனவனுக்குக் கொடுங்கள், கானாக்காரிக்குக் கொடுங்கள்.

கடைசியாக ஒன்று. ஆலைக்குள் போகும்போது சொந்தப் போனை வெளியிலே வைத்துவிட்டுப் போகும்படி பல இடங்களில் சட்டம் வைத்திருக்கிறார்கள். எட்டு மணி நேரம் ஊராருக்குப் போன் செய்துவிட்டு, வெளியே வந்து தன் போனை எடுக்கிறாள் நம் பெண். அதில் அவள் அடுத்தவர் வீட்டுக் கல்யாணத்தையும் நடிகையின் நகையையும் பார்த்துப் பெருமூச்சு விட்டுத் தூங்கிப்போகிறாள். அவள் ஊர்ப் பாட்டு அவளுக்குத் தெரியும். ஹாஸ்டல் சோறு எப்படி இருக்கிறது என்பதும் அவளுக்குத் தெரியும். அவளுக்கு மேல் அந்த மேடைக்குப் பாத்தியம் உள்ளவர் வேறு யார்? அவள் பாட வேண்டும், அவள் பேச வேண்டும். தராதரம் கெட்டுப்போகும் என்று எந்தப் பெரியவராவது சொன்னால், கெட்டுப்போகட்டும் என்று சொல்லிவிட்டு நாம் அவளுக்குக் காது கொடுப்போம்.